ஆலன் எட்வால்: சில நிமிடங்களில் ஒரு மனிதன்

நேயர்களுக்கு வணக்கம்.

சுவீடன் சினிமா என்றதும் இயக்குநர் இங்மார் பெர்க்மன் பெயரைச் சொல்வோம், பிறகு நடிகர் மாக்ஸ் வோன் சீடோ. இன்று நான் பேச வந்திருப்பது அவர்களுக்குப் பக்கத்தில் நின்ற ஒரு குணச்சித்திர நடிகரைப் பற்றி. பெயர் ஆலன் எட்வால். 1924இல் நாட்டின் வடபகுதியில், யெம்ட்லாந்தில் பிறந்தவர். ஸ்டாக்ஹோம் அரச நாடக அரங்கின் பள்ளியில் நடிப்புப் படித்தார்.

பெர்க்மனின் 'வின்டர் லைட்' 1963இல் வந்தது. அதில் எட்வாலுக்குக் கோயில்பிள்ளை, அதாவது தேவாலயப் பணியாளர் வேடம். மெழுகுவர்த்தி ஏற்றுவது, மணியடிப்பது இவர் வேலை. கூன் விழுந்த முதுகு, ஓயாத உடல்வலி. விசுவாசம் வற்றிப்போன போதகரிடம் வந்து உட்கார்ந்து, தயங்கித் தயங்கிப் பேசுகிறார். இயேசுவின் உடல் வேதனையைப் பற்றி நாம் அதிகம் பேசுகிறோமே, அது சில மணி நேரம்தானே. சீடர்கள் தூங்கிவிட்டார்கள், கூட இருந்தவர்கள் ஓடிப்போனார்கள், கடைசியில் பிதாவும் கைவிட்டாரோ என்று சந்தேகம் வந்ததே, அதல்லவா பெரிய வேதனை என்கிறார். குரலை உயர்த்தவே இல்லை. பெரியவரிடம் சந்தேகம் கேட்க வந்தவரின் பணிவு கடைசிவரை மாறவில்லை. எதிரே போதகராக நடிக்கும் குன்னார் பியோர்ன்ஸ்ட்ராண்ட் பதில் இல்லாமல் கேட்டுக்கொண்டிருக்கிறார். படம் தேடிக்கொண்டிருந்த கேள்வி இந்தச் சிறு பாத்திரத்தின் வாயிலிருந்து வருகிறது. எனக்கு எட்வாலைப் பிடித்துப்போனது இந்த இடத்தில்தான்.

ஆனால் சுவீடனின் குழந்தைகளுக்கு அவர் வேறு ஆள். குழந்தை எழுத்தாளர் ஆஸ்ட்ரிட் லிண்ட்கிரேனின் எமில் கதைகள் 1970களின் தொடக்கத்தில் படமானபோது, சேட்டைக்காரப் பையனைத் துரத்தித் துரத்திக் கத்தும் அப்பா இவர்தான். அந்தக் கத்தல் வீடுகள்தோறும் பிரபலம். வானொலியில் 'வின்னி த பூ' என்ற கரடிப் பொம்மைக் கதைகளை வாசித்ததும் இதே குரல். சொந்தமாகப் பாட்டு எழுதிப் பாடினார், படம் இயக்கினார். 1986இல் ரஷ்ய இயக்குநர் தார்க்கோவ்ஸ்கியின் 'சாக்ரிஃபைஸ்' படத்தில் சைக்கிளில் வரும் தபால்காரராக நடித்தார். அதே ஆண்டு ஸ்டாக்ஹோமில் தனக்கென்று ஒரு சின்ன நாடக அரங்கும் தொடங்கினார். 1997இல் காலமானார்.

ஒரே ஒரு படம்தான் பார்க்க முடியும் என்பவர்களுக்கு, பெர்க்மனின் 'ஃபேனி அண்ட் அலெக்சாண்டர்'. எட்வால் அதில் நாடகக் குழுவை நடத்தும் அப்பா ஆஸ்கர். ஷேக்ஸ்பியரின் 'ஹாம்லெட்' நாடகத்தில் ஆவி வேடத்துக்கு ஒத்திகை பார்க்கும்போது வசனம் மறந்து சரிகிறார், அப்புறம் உண்மையாகவே ஆவியாக மகன் முன் வந்து நிற்கிறார். திரையரங்குகளில் ஓடிய மூன்று மணி நேரப் படத்தைவிட, தொலைக்காட்சிக்கென்று எடுத்த ஐந்து மணி நேர வடிவத்தையே தேடிப் பாருங்கள். குழந்தைகள் அறையில் கிடக்கும் சாதாரண நாற்காலியைக் காட்டி, சீனப் பேரரசியிடம் இருந்த விலைமதிப்பில்லாத நாற்காலி இது என்று ஆஸ்கர் கதை சொல்லும் காட்சி அதில்தான் முழுதாக இருக்கிறது. நன்றி, வணக்கம்.