ஊசியில்லாமல் தைக்கும் கூடை

அவையோருக்கு வணக்கம்.

அமெரிக்க நாட்டுப்புறக் கைவினை என்றால் ஒட்டுத்துணிப் போர்வையும் நவஹோ பழங்குடியினரின் கம்பளமும்தான் பெரும்பாலும் பேசப்படுகின்றன. இன்று ஒரு முறத்தைப் பற்றிப் பேசுவோம். ஆம், நெல் புடைக்கிற முறம்தான். அமெரிக்காவில் அதற்கு என்ன வேலை என்று கேட்கத் தோன்றும். நிறையவே இருந்தது.

தென் கரோலினாவின் கடலோரத்தில் பதினேழாம் நூற்றாண்டின் இறுதியில் நெல் சாகுபடி தொடங்கியது. வயலில் இறங்கியவர்கள் மேற்கு ஆப்பிரிக்காவிலிருந்து அடிமைகளாகக் கொண்டுவரப்பட்ட மக்கள். அவர்களில் பலர் நெல் விளையும் நாட்டிலிருந்தே வந்தவர்கள். மர உரலில் நெல்லைக் குத்தி, அகன்ற தட்டுக்கூடையில் அள்ளி, காற்றில் எறிந்து பிடித்து உமி பிரித்தார்கள். அந்தத் தட்டுக்கூடைக்கு 'ஃபேனர்' என்று பெயர். நம் முறம் ஒரு பக்கம் திறந்திருக்கும்; ஃபேனர் முழு வட்டம், சுற்றிலும் தாழ்ந்த விளிம்பு. செனகல், சியரா லியோன் பக்கம் இதே முறைக் கூடைகளை இன்றும் காணலாம். கரோலினாவில் இதைக் காத்து வருபவர்கள் அந்த அடிமை மக்களின் வழிவந்த 'கல்லா கீச்சி' (Gullah Geechee) எனும் சமூகத்தார்.

அவர்கள் கூடையை 'முடைகிறோம்' என்று சொல்வதில்லை, 'தைக்கிறோம்' என்கிறார்கள். சொல் மிகச் சரியானது. மூங்கில் கூடையில் பாவும் ஊடுமாகப் பட்டைகள் குறுக்கே மாறி மாறிப் போகும். இதில் அப்படி எதுவும் இல்லை. ஒரு புல் கற்றையைச் சுருளாகச் சுற்றிக்கொண்டே போய், ஒவ்வொரு சுற்றையும் முந்தைய சுற்றோடு ஓலை வாரால் தைக்கிறார்கள். புல் உடம்பு, ஓலை நூல். கருவி, பக்குவம், பிழை, விலை எல்லாம் இந்த ஒரு விஷயத்திலிருந்துதான் கிளைக்கின்றன.

முதலில் பொருட்கள். முதன்மையானது ஸ்வீட்கிராஸ் எனும் புல். கடலோர மணல்மேட்டுக்குப் பின்னால் வளரும். நூல்போல் மெல்லியது, புத்தம்புது வைக்கோல் வாசனை அடிக்கும். இதை அரிவாள் போட்டு அறுப்பதில்லை. தூரைக் காலால் மிதித்துக்கொண்டு ஒரு பிடி புல்லை மேல்நோக்கி உருவுவார்கள். வேர் மண்ணிலேயே நிற்கும், இழையும் முழு நீளத்துக்குக் கிடைக்கும். உருவிய புல்லைச் சில நாட்கள் பரப்பி உலர்த்த வேண்டும். அவசரப்பட்டுப் பச்சையாகத் தைத்தால், கூடை முடிந்த பிறகு உள்ளிருக்கும் புல் சுருங்கும். தையல் தளர்ந்து சுற்றுகள் ஆட்டம் கொடுக்கும். அதற்குப் பிறகு இழுத்துக் கட்ட வழியில்லை, பிரித்தால்தான் உண்டு.

இரண்டாவது, உவர்ச் சதுப்பில் வளரும் புல்ரஷ் கோரை. தடித்தது, நுனி குத்தும், விரலைப் பதம் பார்க்கும். ஆனால் வலுவுக்கு அதுதான். வயல்வேலைக் கூடைகளை அந்நாளில் ஆண்கள் இந்தக் கோரையால்தான் செய்தார்கள்; தைக்க ஓக் மரச் சிம்பு பயன்பட்டது. மூன்றாவது, நீள்இலைப் பைன் மரத்தின் ஊசியிலை. ஓரடி வரை நீளும். பழுப்பு நிறத்துக்காக இடையிடையே ஒரு சுற்று வைப்பார்கள்.

நான்காவதுதான் தைக்கும் வார். பல்மெட்டோ என்பது பனை இனத்து மரம், அந்த மாநிலத்தின் மாநில மரமும் அதுவே. அதன் விரியாத குருத்தோலையை நெடுக்காகக் கால் அங்குலமோ அதற்கும் குறைவாகவோ கிழிப்பார்கள். பனையோலையில் பெட்டி பின்னியவர்களுக்கு இதன் பக்குவம் சொல்லாமலே புரியும்: முற்றிய ஓலை மடியுமிடத்தில் வெடிக்கும், வார் அகலமானால் தையல் மொத்தையாகும்.

கருவி என்று பார்த்தால் ஒரு கத்தரிக்கோல், ஒரு கரண்டிக் காம்பு. கரண்டியின் குழிந்த பகுதியை நறுக்கி எறிந்துவிட்டு, நறுக்கிய முனையை அரத்தால் ராவி வழவழப்பாக்கிக் கொள்வார்கள். பழைய நாளில் மாட்டு விலா எலும்பைத் தேய்த்துச் செய்ததால், இரும்புக்கு மாறிய பிறகும் அதை 'எலும்பு' என்றே அழைக்கிறார்கள். ஊசி ஏன் வேண்டாம் என்றால், கூரான முனை புல்லை அறுக்கும். மழுங்கிய முனை இழைகளை ஒதுக்கி வழி செய்யும். வாரை அந்த வழியில் நுழைத்து இழுத்ததும் இழைகள் மறுபடி நெருங்கி அதைக் கவ்விக்கொள்ளும்.

தொடக்கம் ஒரு முடிச்சு. ஒரு பிடி பைன் இலையையோ புல்லையோ முடிந்து, மிச்ச வாலை முடிச்சைச் சுற்றி வளைத்துத் தைக்க ஆரம்பிப்பார்கள். முந்தைய சுற்றில் துளை, வாரை நுழைத்தல், இறுக்கல், புதுச் சுற்றின் மேலாகக் கொண்டுவந்து அடுத்த துளை. கற்றை மெலியும்போதெல்லாம் நடுவில் சில புல்லைச் செருக வேண்டும். மெலிந்த பிறகு மொத்தமாகச் செருகினால் அந்த இடம் பாம்பு எலியை விழுங்கியது போலப் புடைத்து நிற்கும். வார் தீர்ந்தால் அதன் நுனியைக் கற்றைக்குள் புதைத்து, புது வாரையும் உள்ளிருந்தே எடுப்பார்கள். தேர்ந்த கைவேலையில் இந்த இணைப்பைக் கண்டுபிடிப்பது கடினம்.

இனி ஒரு கணக்கு. கற்றை கால் அங்குலத் தடிப்பு, தையல்கள் கால் அங்குல இடைவெளி என்று வைத்துக்கொள்வோம். ஒவ்வொரு சுற்றும் முந்தையதைவிட ஒன்றரை அங்குலத்துக்குச் சற்று அதிகம் நீளும். ஆகவே சுற்றுக்கு ஆறு தையல் புதிதாகச் சேர வேண்டும். இரண்டாம் சுற்றிலும் ஆறுதான், நாற்பதாம் சுற்றிலும் ஆறுதான். சேர்க்க மறந்தால் தையல்கள் விலகி, கற்றை நெகிழ்ந்து வயிறு தள்ளும். ஆறையும் ஒரே இடத்தில் திணித்தாலும் தவறு. சுற்றெங்கும் பரவலாக விழ வேண்டும். நடுவிலிருந்து சாய்வாகச் சுழன்று வரும் தையல் கோடுகள் அழகுக்கென்று தனியாகப் போட்டவை அல்ல, ஒவ்வொரு தையலும் கீழ்த்தையலை ஒட்டி விழுவதால் தாமாக வருபவை.

இறுக்கமும் கவனிக்க வேண்டியது. புதுக் கற்றையை இழுத்துப் பிடித்தால் தட்டையான அடிப்பாகம் கிண்ணம்போல் குழியும், தளரவிட்டால் அப்பளம்போல் நெளியும். சுவர் எழுப்ப வேண்டுமென்றால் புதுச் சுற்றை முந்தையதன் பக்கத்தில் வைக்காமல் மேலே ஏற்றி வைக்க வேண்டும். எவ்வளவு ஏற்றுகிறோமோ அவ்வளவு சரிவு. இதற்கு அச்சும் கிடையாது, வரைபடமும் கிடையாது.

அதே கணக்கில் இருபது அங்குல விட்டமுள்ள தட்டுக்கு நாற்பது சுற்று, ஐயாயிரத்துக்கும் மேற்பட்ட தையல். தையலுக்கு அரை நிமிடம் என்று வைத்தாலும் நாற்பது மணி நேரத்தைத் தாண்டுகிறது. புல் உருவியது, உலர்த்தியது, ஓலை கிழித்தது எல்லாம் இதில் சேரவில்லை. 'வெறும் புல்தானே' என்று பேரம் பேசுகிறவர்கள் இந்தக் கணக்கை ஒருமுறை போட்டுவிட்டுப் பேசலாம்.

இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அங்கே நெல் வணிகம் முடிந்துபோனது. வயலோடு ஃபேனரும் போயிருக்க வேண்டியதுதான். போகவில்லை. தென் கரோலினாவின் துறைமுக நகரமான சார்ல்ஸ்டனுக்கு எதிர்க்கரையில் உள்ள மவுண்ட் பிளசன்ட் ஊரில் பெண்கள் ஸ்வீட்கிராஸில் ரொட்டித் தட்டு, பழக்கூடை, கைப்பை என்று 'காட்சிக் கூடைகள்' தைத்தார்கள். 1916 வாக்கில் நகரத்து வியாபாரி ஒருவர் மொத்தமாக வாங்கத் தொடங்கினார். 1929-ல் கூப்பர் ஆற்றுப் பாலம் திறந்து கார்கள் வந்ததும், இடைத்தரகர் இல்லாமல் 17ஆம் எண் நெடுஞ்சாலையோரம் தாங்களே கடை போட்டார்கள். 2006-ல் இந்தக் கூடைத் தையல் மாநிலத்தின் அதிகாரபூர்வக் கைவினையானது. 2008-ல் மேரி ஜாக்சன் என்ற கூடைக் கலைஞருக்கு சிறந்த படைப்பாளிகளுக்கு அமெரிக்காவில் வழங்கப்படும் மெக்ஆர்தர் நல்கை கிடைத்தது.

பட்டம் வந்த வேகத்தில் புல் போய்க்கொண்டிருக்கிறது. மணல்மேட்டுத் தீவுகளில் உல்லாச விடுதிகளும் காவல் போட்ட குடியிருப்புகளும் எழுந்துவிட்டன. தலைமுறைகளாகப் புல் உருவிய இடத்துக்கு இப்போது வாயிற்காவலரிடம் அனுமதி கேட்க வேண்டும். அதே புல்லை இளஞ்சிவப்புப் பூவுக்காக அலங்காரச் செடியாகவும் நடுகிறார்கள், அது வேறு வேடிக்கை. பெரிய கூடைகளில் கோரை மறுபடி அதிகம் கலப்பதற்கு உறுதி ஒரு காரணம், இந்தத் தட்டுப்பாடு இன்னொரு காரணம்.

அந்தப் பக்கம் போகிறவர்கள் கூடையைக் கவிழ்த்துப் பாருங்கள். நடுவில் முடிச்சு இறுகி இருக்கிறதா, சுற்றுகள் ஒரே தடிப்பா, கடைசிச் சுற்று படிப்படியாக மெலிந்து விளிம்போடு கரைகிறதா, இல்லை படி வைத்தாற்போல் நின்றுவிடுகிறதா என்று பாருங்கள். விளிம்பை இரு கையாலும் மெல்ல முறுக்கினால் நல்ல கூடை விட்டுக்கொடுக்காது. அழுக்கானால் குளிர்ந்த நீரில் கொஞ்சம் மென்மையான சோப்புப் போட்டு அலசலாம். அலசியதும் அலமாரியில் அடைத்துவிடாதீர்கள், பூஞ்சை பிடிக்கும். முறத்தைக் கழுவிச் சுவரில் சாய்த்து வைப்போமே, அப்படிக் காற்றாட நிறுத்தி வைத்தால் போதும்.