நாடுகளுக்கு நடுவே கோடு போடுவது யார்?

வணக்கம் நண்பர்களே. இன்றைக்கு நேராகக் கேள்விக்கே போய்விடுகிறேன். தென் கொரியா வளர்ந்த நாடா, வளரும் நாடா?

'வளர்ந்த நாடுதான், இதில் என்ன சந்தேகம்' என்று பலரும் சொல்வீர்கள். கப்பலும் காரும் செல்பேசியும் செய்து உலகத்துக்கே அனுப்புகிற நாடு அது. பன்னாட்டு நிதியமும் உங்கள் பக்கம்தான். அதன் பட்டியலில் தென் கொரியா முன்னேறிய பொருளாதாரம். பங்குச் சந்தைக் குறியீடுகளைத் தயாரிக்கும் எஃப்டிஎஸ்இ நிறுவனமும் 2009 முதல் வளர்ந்த சந்தைகளோடுதான் அதைச் சேர்த்து வைத்திருக்கிறது. ஆனால் அதே தொழிலில் இருக்கும் எம்எஸ்சிஐ நிறுவனம், 2025 ஜூன் மாத மதிப்பாய்விலும் இந்தியா, பிரேசில் ஆகியவற்றோடு 'வளர்ந்துவரும் சந்தை' வரிசையிலேயே அதை விட்டுவைத்தது.

உலக வர்த்தக அமைப்புக்கு வாருங்கள். அங்கே 'நான் வளரும் நாடு' என்று ஒரு நாடு தானே அறிவித்துக்கொள்ளலாம். தென் கொரியா நெடுங்காலம் அப்படித்தான் இருந்தது. தன் நெல் விவசாயிகளைக் காக்க அந்தத் தகுதி அதற்குத் தேவைப்பட்டது. இனி வரும் பேச்சுவார்த்தைகளில் அந்தச் சலுகையைக் கேட்கமாட்டோம் என்று 2019 அக்டோபரில்தான் சொன்னது. ஐ.நா. வர்த்தக, வளர்ச்சி அமைப்பு 2021 ஜூலையில் அதை வளர்ந்த நாடுகளின் குழுவுக்கு மாற்றியது. 1964இல் அந்த அமைப்பு தொடங்கியதிலிருந்து ஒரு நாடு அப்படி இடம் மாறியது அதுவே முதல் முறை.

ஒரே நாடுதான், மக்களும் அதே மக்கள்தான். ஆனாலும் இந்தப் பட்டியல்களில் எதையும் தவறு என்று தள்ளிவிட முடியாது. தென் கொரியா விஷயத்தில் எம்எஸ்சிஐ முக்கியமாகக் கேட்பது இது: வெளிநாட்டு முதலீட்டாளர் சிரமமில்லாமல் பணத்தைப் போட்டு, சிரமமில்லாமல் எடுத்துக்கொள்ள முடிகிறதா? கொரிய நாணயமான வோனை நாட்டுக்கு வெளியே தாராளமாக வாங்கி விற்க முடியாது. அந்த இடத்துக்கு அது ஒரு முக்கியக் காரணம். அந்த நாட்டில் குழந்தைகள் நன்றாகப் படிக்கிறார்களா, முதியவர்கள் நிம்மதியாக வாழ்கிறார்களா என்பதெல்லாம் அந்தப் பட்டியலின் கவலையே இல்லை. ஆகவே ஒரு தரவரிசை கண்ணில் பட்டால், எத்தனையாவது இடம் என்று பார்ப்பதற்கு முன்பே, இதைத் தயாரித்தவர் யார், யாருடைய தேவைக்காகத் தயாரித்தார் என்று பாருங்கள். இந்தக் காணொளி முழுவதும் நான் சொல்லப்போவது இதைப் பற்றித்தான்.

எல்லோரும் எடுத்துக்காட்டும் வகைப்பாடு உலக வங்கியுடையது. குறைந்த வருமானம், கீழ் நடுத்தர வருமானம், மேல் நடுத்தர வருமானம், உயர் வருமானம் என நான்கு படிகள். ஒவ்வோர் ஆண்டும் ஜூலை முதல் நாள் புதிய பட்டியல் வரும். 2025 ஜூலையில் வந்த கோடுகளைத் திரையில் போட்டிருக்கிறேன். தலா வருமானம் 1,135 டாலர் வரை என்றால் குறைந்த வருமானம். 4,495 வரை கீழ் நடுத்தரம். 13,935 வரை மேல் நடுத்தரம். அதற்கு மேல் உயர் வருமானம். கணக்கில் எடுப்பது ஒரே ஒரு எண்: மொத்தத் தேசிய வருமானத்தை மக்கள்தொகையால் வகுத்து, டாலரில் மாற்றியது. நாணய மதிப்பு திடீரென்று ஏறி இறங்கினால் கணக்கு குலையாமல் இருக்க மூன்று ஆண்டு மாற்று விகிதங்களைச் சேர்த்துச் சராசரி எடுக்கிறார்கள்.

இந்தக் கோடு எவ்வளவு மெல்லியது என்பதற்கு இலங்கையைப் பாருங்கள். 2019 ஜூலைப் பட்டியலில் இலங்கையின் தலா வருமானம் 4,060 டாலர், கோடு 3,995 டாலர். மேல் நடுத்தர வருமான நாடாகிவிட்டது என்று செய்தி வந்தது. அடுத்த ஆண்டு வருமானம் 4,020 டாலர். குறைந்தது நாற்பதே டாலர்தான். ஆனால் விலைவாசிக்கு ஏற்பக் கோடும் நகர்ந்து 4,045 ஆகிவிட்டது. இலங்கை மறுபடியும் கீழ் நடுத்தரம். இடைப்பட்ட ஓராண்டில் ஒரு சாதாரணக் குடும்பத்தின் வாழ்க்கை ஒரு படி ஏறவும் இல்லை, அந்த நாற்பது டாலரால் ஒரு படி சரியவும் இல்லை. ஆனால் தலைப்புச் செய்தியில் மட்டும் ஒரு நாடு ஏறி இறங்கியது. (பின்னால் 2022இல் வந்த நெருக்கடி உண்மையான சரிவு. இந்தப் படிமாற்றத்தையும் அதையும் ஒன்றாகப் போட்டுக் குழப்பிக்கொள்ள வேண்டாம்.)

கோட்டை விடுங்கள், அளக்கப்படும் வருமானமாவது உறுதியான எண்ணா என்றால், அதுவும் இல்லை. 2010 நவம்பரில் கானா தன் மொத்த உள்நாட்டு உற்பத்தியைக் கணக்கிடும் அடிப்படை ஆண்டை மாற்றியது. பொருளாதாரம் ஏறத்தாழ 60 சதவீதம் பெரிதாகிவிட்டது! ஏழை நாடு என்ற படியிலிருந்து நடுத்தர வருமானப் படிக்கு வந்தது. நைஜீரியா 2014 ஏப்ரலில் இதையே செய்தது. அதுவரை 1990ஆம் ஆண்டின் பொருளாதார அமைப்பை வைத்துக் கணக்கிட்டுக்கொண்டிருந்தார்கள். செல்பேசிச் சேவையும் பெரிய திரைப்படத் தொழிலும் வளர்வதற்கு முந்திய காலம் அது. கணக்கைப் புதுப்பித்ததும் உற்பத்தி மதிப்பு 89 சதவீதம் உயர்ந்தது, நைஜீரியா தென் ஆப்பிரிக்காவைத் தாண்டி ஆப்பிரிக்காவின் மிகப் பெரிய பொருளாதாரம் ஆனது. இதில் ஏமாற்று எதுவும் இல்லை. அத்தனை ஆண்டுகளாக இருந்தும் கணக்கில் ஏறாத உழைப்பு கணக்கில் ஏறியது, அவ்வளவுதான். புள்ளிவிவரத் துறைக்குப் பணம் ஒதுக்க முடியாத நாடு தன்னைப் பற்றியே பழைய படத்தைத்தான் உலகத்துக்குக் காட்ட முடியும். இது எனக்கு மிகவும் வருத்தம் தருகிற விஷயம்.

மறுகோடியில் அயர்லாந்து. 2015இல் அதன் பொருளாதாரம் ஒரே ஆண்டில் 26 சதவீதம் வளர்ந்ததாகக் கணக்கு வந்தது. பன்னாட்டு நிறுவனங்கள் காப்புரிமை போன்ற அறிவுச் சொத்துகளைக் காகிதத்தில் அயர்லாந்துக்கு மாற்றிக்கொண்டதுதான் முக்கியக் காரணம். ஐரிஷ் புள்ளிவிவர அலுவலகமே இதை ஏற்றுக்கொண்டு, இந்த வீக்கத்தைக் கழித்துவிட்டுப் பார்க்கத் தனியாக ஓர் அளவீட்டை உருவாக்கிக்கொண்டது. ஆனால் தலா உற்பத்தித் தரவரிசைகளில் பெரும்பாலும் பழைய அளவீடுதான் வருகிறது. அயர்லாந்து உச்சிக்கு அருகில் நிற்பதைப் பார்க்கும்போது இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

அப்படியானால் தரவரிசையே வேண்டாமா? அப்படி நான் சொல்லமாட்டேன். 1990இல் பாகிஸ்தான் பொருளியலாளர் மஹ்பூப் உல் ஹக் ஐ.நா. வளர்ச்சித் திட்டத்தில் மனித வளர்ச்சிக் குறியீட்டைக் கொண்டுவந்தார். ஆயுள், கல்வி, வருமானம் மூன்றையும் சேர்த்து ஒரே எண். மனித வாழ்வை ஒரே எண்ணில் அடைப்பது முரட்டுத்தனம் என்று அவருடைய நண்பர் அமர்த்தியா சென் முதலில் தயங்கினார். உற்பத்தி என்ற ஒற்றை எண்ணின் மீதே பதிந்துகிடக்கும் பார்வையைத் திருப்ப வேண்டுமானால், அதைப் போலவே எளிமையான இன்னோர் எண்தான் வேண்டும் என்று ஹக் வாதாடினார். ஹக் சொன்னது சரி என்று நான் உறுதியாக நம்புகிறேன். வருமானத்தில் ஒரே இடத்தில் இருக்கும் இரண்டு நாடுகளில், ஒன்றில் மட்டும் பெண் குழந்தைகள் ஏன் பள்ளிக்குப் போகவில்லை என்று ஓர் அமைச்சரை நிறுத்திக் கேட்க அந்த எண்தான் வழிசெய்தது.

ஆனால் தரவரிசைக்குச் செல்வாக்கு வந்துவிட்டால் அதை வளைக்க ஆள் வந்துவிடுவார்கள். உலக வங்கியே 'தொழில் நடத்த எளிதான நாடுகள்' என்று ஒரு வரிசையை ஆண்டுதோறும் வெளியிட்டது. பிரதமர்கள் அதை மேடையில் பேசினார்கள். அதில் மேலே ஏறுவதற்காகவே சட்டங்கள் திருத்தப்பட்டன. 2018 அறிக்கையில் சீனா 78ஆவது இடத்தில் இருந்தது. பின்னர் நடந்த விசாரணையில், தரவில் கைவைக்காமல் இருந்திருந்தால் அது 85ஆவது இடத்தில் இருந்திருக்கும் என்று தெரிந்தது. 2020 அறிக்கையில் சவூதி அரேபியா உள்ளிட்ட நாடுகளின் தரவுகளிலும் முறைகேடு கண்டுபிடிக்கப்பட்டது. 2021 செப்டம்பரில் அந்த வரிசையையே நிறுத்திவிட்டார்கள். ஏழு இடம்தானே என்று தோன்றலாம். அந்த எண்ணை நம்பி எத்தனை நாடுகள் தொழிலாளர் சட்டத்திலும் வரிச் சட்டத்திலும் கைவைத்தன என்று யோசித்துப் பாருங்கள்.

இனி, எனக்கு மிக முக்கியமான பகுதி. ஐ.நா.வின் 'மிகவும் வளர்ச்சி குன்றிய நாடுகள்' பட்டியல். 1971இல் தொடங்கியது. இன்று 44 நாடுகள் இருக்கின்றன. இதில் இருந்தால் பணக்கார நாடுகளுக்குச் சுங்கமில்லாமல் பொருள் அனுப்பலாம், மருந்துக் காப்புரிமை விதிகளிலிருந்து 2033 வரை விலக்கு உண்டு, இன்னும் பல உதவிகள். மூன்று அளவுகோல்கள்: வருமானம், மக்களின் கல்வியும் நலமும், பாதிப்புக்கு ஆளாகும் தன்மை. மூன்றில் இரண்டில் தேறிவிட்டால் பட்டியலிலிருந்து வெளியேறத் தகுதி வந்துவிடும். இதை மனத்தில் நிறுத்திக்கொண்டு கேளுங்கள்.

மாலத்தீவு வருமானத்தில் தேறியது. கல்வி, நலத்தில் தேறியது. மூன்றாவதில் தேறவில்லை. கடல்மட்டத்திலிருந்து ஓரிரு மீட்டர் உயரமே உள்ள தீவுகள், சுற்றுலாவையும் மீனையும் மட்டும் நம்பிய பொருளாதாரம். எப்படித் தேறும்? ஆனாலும் இரண்டு போதும் என்பது விதி. 2004 டிசம்பர் 20 அன்று மாலத்தீவைப் பட்டியலிலிருந்து விடுவிக்க ஐ.நா. பொதுச் சபை தீர்மானம் நிறைவேற்றியது.

ஆறாவது நாள் ஆழிப்பேரலை வந்தது.

ஆண்டு உற்பத்தியில் 62 சதவீதத்துக்குச் சமமான சேதம். ஒரு காலைப் பொழுதில். தேறாத அந்த மூன்றாவது அளவுகோல் எதை எச்சரித்ததோ, அதுவே நடந்தது. பொதுச் சபை அடுத்த ஆண்டு தன் முடிவைத் தள்ளிவைத்தது. 2011இல்தான் மாலத்தீவு வெளியேறியது. 2014 முதல் அதன் டூனா மீனுக்கு ஐரோப்பாவில் சுங்கம் கட்ட வேண்டியதாயிற்று. தூண்டிலில் ஒவ்வொன்றாக மீன் பிடிக்கும் மீனவர்கள் அவர்கள். பட்டியலில் ஒரு பெயரை அடித்ததற்கு அந்தப் படகில் இருப்பவர் பணம் கொடுக்கிறார்.

இது ஒரு நாட்டோடு முடியவில்லை. கரீபியன் கடலில் உள்ள ஆன்டிகுவா பார்புடா என்ற தீவு நாட்டை எடுத்துக்கொள்ளுங்கள். 2017 செப்டம்பரில் இர்மா புயல் அடித்த பிறகு பார்புடா தீவிலிருந்து அத்தனை பேரையும் வெளியேற்றினார்கள். ஒரு தீவே காலியானது. அதே நாட்டை 2022இல் வளர்ச்சி உதவி பெறத் தகுதியுள்ள நாடுகளின் பட்டியலிலிருந்து நீக்கினார்கள். காரணம், தலா வருமானம் உயர் வருமானக் கோட்டுக்கு மேலே தொடர்ந்து இருந்தது. வீட்டின் கூரை பறந்துபோனவரிடம் போன மாதச் சம்பளச் சீட்டைக் காட்டி 'உங்களுக்கு உதவி தேவையில்லை' என்று சொல்வதைப் போன்றது இது.

இதற்கு மாற்றாகத்தான் ஐ.நா. 'பன்முகப் பாதிப்புக் குறியீடு' ஒன்றை உருவாக்கியிருக்கிறது. அதைத் தயாரித்த குழுவுக்குத் தலைமை ஏற்ற இருவரில் ஒருவர் ஆன்டிகுவா பார்புடாவின் பிரதமர் காஸ்டன் பிரவுன், இன்னொருவர் நார்வேயின் முன்னாள் பிரதமர் எர்னா சோல்பர்க். புயல், வறட்சி, இறக்குமதியை நம்பியிருத்தல், அடி விழுந்தால் எழுந்து நிற்கும் வலு ஆகிய எல்லாவற்றையும் அது அளக்கிறது. 2024 ஆகஸ்டில் பொதுச் சபை அதை ஏற்றுக்கொண்டது. ஆனால் பயன்படுத்துவது அவரவர் விருப்பம். மலிவு வட்டிக் கடனை யாருக்குக் கொடுப்பது என்று தீர்மானிக்கும் வங்கிகளுக்கு அது கட்டளை ஆகாது.

தலா வருமானத்தைத் தூக்கி எறியச் சொல்லவில்லை. கடன் கொடுக்கும் மேசையில் அதன் பக்கத்தில் இந்த இரண்டாவது எண்ணும் கட்டாயம் இருக்க வேண்டும் என்கிறேன். சிறு தீவு நாடுகள் பல ஆண்டுகளாக இதைத்தான் கேட்டுக்கொண்டிருக்கின்றன. உலக வங்கியிலும் பன்னாட்டு நிதியத்திலும் வாக்கு வலிமை உள்ள நாடுகளில் வாழ்பவர்கள் இந்தக் காணொளியைப் பார்ப்பீர்கள். உங்கள் பிரதிநிதிகள் அந்தக் குறியீட்டுக்கு ஆதரவாக வாக்களிக்கிறார்களா என்று விசாரியுங்கள். பதில் கிடைத்தால் கருத்துப் பகுதியில் எழுதுங்கள், அதை வைத்து அடுத்த காணொளியைத் தயாரிக்கிறேன்.