இன்ஜினுக்கு முன்பே முடிந்த வேலை

நேயர்களுக்கு வணக்கம். விமானத்தின் பிறந்தநாளாக 1903 டிசம்பர் 17-ஐச் சொல்கிறோம். ஆனால் பறப்பதில் கடினமான பாதி, முந்தைய ஆண்டே இன்ஜின் இல்லாத ஒரு கிளைடரில் தீர்ந்துவிட்டது.

1901 கோடையில் வில்பர் ரைட்டும் தம்பி ஆர்விலும் வட கரோலினாவின் மணல்மேடுகளுக்கு ஒரு கிளைடரைக் கொண்டுபோனார்கள். இறக்கை 22 அடி, பரப்பு 290 சதுர அடி. கணக்குப்படி வரவேண்டிய தூக்குவிசையில் மூன்றில் ஒரு பங்குதான் வந்தது. இறக்கையின் வளைவை அங்கேயே குறைத்துப் பார்த்தார்கள். ஓட்டுவது எளிதானது, தூக்குவிசை தேறவில்லை.

ஜெர்மனியின் கிளைடர் முன்னோடி லிலியென்தாலின் தூக்குவிசை அட்டவணைமீது சந்தேகப்பட்டார்கள். பாவம், அவர் மீது பெரிய பிழை இல்லை. காற்றழுத்தக் கணக்கில் எல்லோரும் 18-ஆம் நூற்றாண்டிலிருந்து போட்டுவந்த ஸ்மீட்டன் மாறிலி, அதாவது காற்றின் வேகத்திலிருந்து அழுத்தத்தைக் கணக்கிடும் எண், 0.005; உண்மையில் அது 0.0033-ஐ ஒட்டியது. இறக்கை குட்டையாகவும் அகலமாகவும் இருந்தது இன்னொரு காரணம்.

ஊர் திரும்பி, டேட்டன் நகரில் தங்கள் சைக்கிள் கடையில் 6 அடி நீளம், 16 அங்குலச் சதுர வாய் கொண்ட மரக் காற்றுச் சுரங்கம் செய்தார்கள்; மாதிரி இறக்கைகள்மீது காற்றைச் செலுத்திச் சோதிக்கும் பெட்டி அது. உள்ளே ரம்பத் தகடும் சைக்கிள் போக்ஸ் கம்பியும் கொண்டு செய்த தராசு. அதில்தான் அவர்கள் கெட்டிக்காரத்தனம்: மாதிரி இறக்கையின் தூக்குவிசையை, அதே காற்றில் நிற்கும் தட்டைத் தகடுகளின் எதிர்ப்போடு ஒப்பிட்டது அது. காற்றின் வேகம் துல்லியமாகத் தெரிய வேண்டாம். அந்த மாறிலியும் வேண்டாம். சுமார் 200 இறக்கை வடிவங்களைச் சோதித்தார்கள்.

1902 கிளைடருக்கு 32 அடி நீளம், 5 அடி அகலம் கொண்ட இறக்கைகள். தூக்குவிசை கணக்கோடு ஒத்துவந்தது. தொல்லை வாலில் வந்தது. இறக்கை நுனியை முறுக்கி ஒரு பக்கத்தை உயர்த்தினால், அந்தப் பக்கம் காற்றின் இழுவை கூடி, மூக்கு அதே பக்கம் திரும்பிவிடும். இதைத் தடுக்கத்தான் பின்னால் அசையாத செங்குத்து வால் வைத்தார்கள். ஆனால் கிளைடர் சாய்ந்து பக்கவாட்டில் சறுக்கும்போது, அதே வால் பக்கக் காற்றை வாங்கித் தாழ்ந்த இறக்கையின் பக்கமே மூக்கைத் திருப்பியது. அந்த இறக்கை வேகம் இழந்து மேலும் தாழ்ந்து, மணலில் குத்தி நின்றது.

வாலை அசையும்படி செய்யலாம் என்றார் ஆர்வில். இறக்கையை முறுக்கும் கம்பியோடேயே அதை இணைத்துவிடலாம் என்றார் வில்பர். குப்புறப் படுத்திருக்கும் ஓட்டுநர் இடுப்புத் தொட்டிலை நகர்த்தினால் இரண்டும் சேர்ந்து இயங்கும். அந்த அக்டோபரில் கிளைடர் மிக நீண்ட தூரம் பறந்தது 622½ அடி, 26 விநாடி.

1903 மார்ச்சில் காப்புரிமைக்கு அவர்கள் விண்ணப்பித்ததும் இந்தக் கட்டுப்பாட்டு முறைக்குத்தான். அதன் வரைபடங்களில் இன்ஜின் இல்லை.