துறைமுகத்தில் நின்ற தேர்கள்

நடுவர் அவர்களுக்கும், பேசி முடித்த களைப்பில் தண்ணீர் குடித்துக்கொண்டிருக்கும் எதிரணி நண்பருக்கும், அவையில் இருக்கும் உங்கள் எல்லோருக்கும் வணக்கம்.

ஜெர்மன் கடற்படைக்குப் பேர் வாங்கித் தந்தவை பெரிய கப்பல்களா, சிறிய கப்பல்களா? இதுதான் தலைப்பு. நான் சிறிய கப்பல்கள் பக்கம். "கடுகு சிறுத்தாலும்" என்று ஆரம்பிப்பேன் என எதிரணி காத்திருக்கிறது. ஆரம்பிக்க மாட்டேன். ஒரே ஒரு தேதியைச் சொல்கிறேன்: 1914 செப்டம்பர் 22, முதல் உலகப் போர் தொடங்கிய சமயம்.

அன்று காலை, ஹாலந்துக் கரைக்கு அப்பால் வட கடலில் அபூக்கீர், ஹோக், கிரெஸ்ஸி என்ற மூன்று பிரிட்டிஷ் குரூசர் ரகப் போர்க்கப்பல்கள் ரோந்து போய்க்கொண்டிருந்தன. ஒவ்வொன்றும் 12,000 டன். அவற்றைப் பார்த்தது யு-9 என்ற ஜெர்மன் நீர்மூழ்கி. எடை 500 டன் இருந்தால் அதிகம். மண்ணெண்ணெய் எஞ்சின், புகை கக்கும். உள்ளே இருந்தவர்களை ஒரு டவுன் பஸ்ஸில் ஏற்றிவிடலாம். கேப்டன் ஓட்டோ வெடிகன் முதல் கப்பலை டார்பிடோவால், அதாவது தண்ணீருக்கடியில் பாயும் குண்டால், அடித்தார். கண்ணிவெடியில் மாட்டிக்கொண்டது போலிருக்கிறது என்று நினைத்து, தண்ணீரில் தத்தளிப்பவர்களைத் தூக்க மற்ற இரண்டும் பக்கத்தில் வந்து நின்றன. நிற்கிற கப்பலைக் குறி பார்க்கக் கஷ்டமா என்ன? ஒன்றரை மணி நேரம் சொச்சத்தில் மூன்றுமே கடலுக்குள். சுமார் 1,450 பேர் இறந்தார்கள்.

அதே தேதி, இரவு ஒன்பதரை மணி. இடம், நம்ம சென்னைக் கடற்கரை. ஊர் விளக்குகள் எல்லாம் ஜம்மென்று எரிந்துகொண்டிருந்தன. இருட்டிலிருந்து எம்டன் என்ற ஜெர்மன் கப்பல் வந்தது. 3,600 டன் சொச்சம் உள்ள லேசான குரூசர். பத்தரை சென்டிமீட்டர் பீரங்கி பத்து. கேப்டன் கார்ல் ஃபொன் முல்லர். அரை மணி நேரம்கூட நிற்கவில்லை. ஏறக்குறைய 130 குண்டுகள். பர்மா ஆயில் கம்பெனியின் எண்ணெய்த் தொட்டிகள் பற்றி எரிந்தன. கரையிலிருந்து திருப்பிச் சுட்டவர்கள் சுதாரிப்பதற்குள் கப்பல் இருட்டோடு இருட்டாகிவிட்டது. அப்புறம் என்ன, ஜனங்கள் மூட்டை கட்டிக்கொண்டு ஊரைவிட்டுக் கிளம்பினார்கள். உயர் நீதிமன்ற வளாகச் சுவரில் அதற்குக் கல்வெட்டு இருக்கிறது, போய்ப் பார்க்கலாம்.

ஒரே நாள். ஒன்று வட கடலில், ஒன்று வங்காள விரிகுடாவில். இரண்டும் சின்னக் கப்பல்கள். அன்றைக்கு ஜெர்மனியின் பெரிய கப்பல்களில் பெரும்பாலானவை எங்கே? வில்ஹெல்ம்ஸ்ஹாஃபன் துறைமுகத்தில் நங்கூரம் போட்டு நின்றன.

எம்டனிடம் இன்னொரு வேடிக்கை உண்டு. பிரிட்டிஷ் குரூசர் மாதிரி தெரிய வேண்டும் என்று மூன்று புகைபோக்கியோடு நாலாவதாக ஒரு போலிப் புகைபோக்கியை வைத்துக்கொண்டது. அந்த வேஷத்தில்தான் அக்டோபர் 28 அன்று பினாங்கு துறைமுகத்துக்குள் நுழைந்து, ஷெம்சுக் என்ற ரஷ்யக் குரூசரை மூழ்கடித்தது. அதைத் தேடி பிரிட்டன், பிரான்ஸ், ரஷ்யா, ஜப்பான் என நாலு நாட்டுக் கப்பல்கள் இந்தியப் பெருங்கடலில் அலைந்தன. "கடைசியில் அதைவிடப் பெரிய ஆஸ்திரேலியக் கப்பல்தானே அடித்தது?" என்று எதிரணி நண்பர் கேட்டார். ஆமாம், நவம்பர் 9, கோகோஸ் தீவில், சிட்னி என்ற கப்பல். ஆனால் அது ஆஸ்திரேலியாவின் பெரிய கப்பல் ஐயா! ஜெர்மனியின் பெரிய கப்பலுக்கு வக்காலத்து வாங்க வந்துவிட்டு, எதிரியின் கப்பலைச் சாட்சிக்குக் கூப்பிட்டால் எப்படி?

சரி, பெரிய கப்பல் கதைக்கு வருவோம். 1897-இல் ஆல்ஃபிரட் திர்பிட்ஸ் ஜெர்மன் கடற்படை அமைச்சுக்கு வந்தார். 1898-இல் ஒரு சட்டம், 1900-இல் இன்னொரு சட்டம், கப்பல் கப்பலாகக் கட்ட. அவருடைய கணக்கு இது: இங்கிலாந்தைத் தோற்கடிக்க வேண்டியதில்லை, நம்மோடு மோதினால் பலத்த அடி விழும் என்று அவர்கள் பயந்தால் போதும். இங்கிலாந்து பயந்ததா? 1906-இல் டிரெட்நாட் என்ற புதுரகக் கப்பலை இறக்கியது. பழைய கப்பலெல்லாம் ஒரே நாளில் காலாவதி, ஜெர்மனி கட்டியவையும் சேர்த்துத்தான். ஜெர்மனியும் டிரெட்நாட் கட்ட ஆரம்பித்தது. அப்புறம் பார்த்தால், 1895-இல் ஊர் மெச்சத் திறந்துவைத்த, வட கடலையும் பால்டிக் கடலையும் இணைக்கும் கீல் கால்வாய்க்குள் அது நுழையாது! கால்வாயை அகலப்படுத்தி முடிக்க 1914 ஆகிவிட்டது. தேர் செய்துவிட்டு, அப்புறம் தெருவை இடித்த கதை.

தேர் ஓடியதா? ஒரு தடவை ஓடியது. 1916 மே 31, வட கடலில் ஜட்லாண்ட் சண்டை. எதிரணி நண்பர் இதைத்தான் நெஞ்சை நிமிர்த்திச் சொன்னார். பிரிட்டனுக்கு 14 கப்பலும் ஆறாயிரம் பேரும் போனார்கள், ஜெர்மனிக்கு 11 கப்பலும் 2,500 பேரும்தான் என்றார். கணக்கு சரி. மறுநாள் காலை வட கடல் யார் கையில் இருந்தது? முந்தின நாள் யாரிடம் இருந்ததோ, அவர்களிடமே. இது என் அபிப்பிராயம் மட்டும் இல்லை. அந்தச் சண்டையை நடத்திய அட்மிரல் ஷீர், ஜூலை மாதம் ஜெர்மன் சக்கரவர்த்தி கைசருக்கு ஓர் அறிக்கை கொடுத்தார். கடற்போரில் எவ்வளவு பெரிய வெற்றி கிடைத்தாலும் அதனால் இங்கிலாந்தைப் பணியவைக்க முடியாது, நீர்மூழ்கிப் போர்தான் வழி என்று அதில் சொன்னார். பெரிய கப்பல்களின் தளபதியே எங்கள் அணிக்கு வந்துவிட்டார், நடுவர் அவர்களே.

யானையைக் கட்டித் தீனி போட்டால் என்ன ஆகும்? சும்மா நின்ற கப்பல்களில் மாலுமிகளுக்குச் சலிப்பும் பசியும் கோபமும் ஏறின. 1918 அக்டோபர் கடைசியில், தோற்றுக்கொண்டிருக்கும் போரில் மானத்துக்காக ஒரு கடைசி மோதல் என்று உத்தரவு வந்தபோது துரிங்கன், ஹெல்கோலாண்ட் என்ற இரண்டு பெரிய போர்க்கப்பல்களில் கலகம் வெடித்தது. அவற்றை அடக்க யாரை அனுப்பினார்கள் தெரியுமா? ஒரு நீர்மூழ்கியையும் டார்பிடோ படகுகளையும்! கலகம் கீல் துறைமுகத்துக்குப் பரவி, நவம்பர் 9-இல் கைசரின் முடியே போயிற்று. 1919 ஜூன் 21 அன்று, பிரிட்டிஷ் கடற்படைத் தளமான ஸ்காபா ஃப்ளோவில் சிறை வைக்கப்பட்டிருந்த 74 ஜெர்மன் கப்பல்களில் 52 கப்பல்களைத் தங்கள் கையாலேயே மூழ்கடித்தார்கள்.

இரண்டாம் உலகப் போருக்கு வந்தால், உடனே பிஸ்மார்க் என்ற பெரிய போர்க்கப்பல் பேச்சு. அது பிரிட்டனின் ஹூட் கப்பலை அடித்ததை நான் மறைக்கவில்லை. ஹூட்டில் இருந்தவர்களில் 1,400 பேருக்கு மேல் இறந்து, மூன்றே பேர் பிழைத்தார்கள். பயங்கரமான அடிதான். ஆனால் 1941 மே 19 அன்று புறப்பட்ட பிஸ்மார்க், ஒன்பதாவது நாள் கடலடியில் கிடந்தது. அதன் சுக்கானைச் சிக்கவைத்தது எது? துணி போர்த்திய இரட்டை இறக்கை விமானம் போட்ட ஒரு டார்பிடோ. அதன் தம்பி, அந்த அமைச்சர் பேரையே வைத்த திர்பிட்ஸ் கப்பல், இன்னும் பாவம்; நார்வே கடற்கழிகளில் வலை போட்டு ஒளித்துவைத்து, 1944 நவம்பரில் விமானக் குண்டுக்குப் பலியாயிற்று.

"திர்பிட்ஸ் வருகிறது என்ற பயத்திலேயே 1942-இல் ரஷ்யாவுக்குச் சரக்கு கொண்டுபோன பிக்யூ-17 கப்பல் தொகுதி சிதறி ஓடியதே" என்றார் நண்பர். நல்ல பாயின்ட், ஒத்துக்கொள்கிறேன். ஆனால் சிதறி ஓடியதில் மூழ்கிய 24 சரக்குக் கப்பல்களை அடித்தவை விமானங்களும் நீர்மூழ்கிகளும். திர்பிட்ஸ் எட்டிப் பார்த்துவிட்டுத் திரும்பிவிட்டது. பூச்சாண்டி வேலைக்கு அவ்வளவு இரும்பா? போர் தொடங்கியபோது ஜெர்மனியிடம் 57 நீர்மூழ்கிகள்தான் இருந்தன. அந்த இரும்பெல்லாம் எந்தப் பக்கம் போயிருக்க வேண்டும் என்று நீங்களே யோசியுங்கள். போர்க் காலத்தில் தன்னை உண்மையில் பயமுறுத்தியது நீர்மூழ்கி ஆபத்து ஒன்றுதான் என்று சர்ச்சில் பிற்பாடு எழுதினார். பிஸ்மார்க் என்று எழுதவில்லை.

எங்கள் பக்கத்தில் ஓட்டை இல்லையா? இருக்கிறது. 1915-இல் லுசிட்டானியா பயணிகள் கப்பலை மூழ்கடித்து 1,198 பேரைக் கொன்றது யு-20. 1917-இல் தடையில்லா நீர்மூழ்கிப் போர் என்று கிளம்பி அமெரிக்காவைச் சண்டைக்கு இழுத்தார்கள். பின்னால், இரண்டாம் உலகப் போரில் யு-போட் என்ற ஜெர்மன் நீர்மூழ்கிகளில் போன சுமார் 40,000 பேரில் 30,000 பேர் அளவுக்குத் திரும்பவில்லை. இதையெல்லாம் பெருமை என்று நான் சொல்லவில்லை. உலகம் எதைக் கண்டு நடுங்கியது என்பதுதான் இங்கே கேள்வி.

நடுவர் மணி அடித்துவிட்டார், முடித்துக்கொள்கிறேன். நம்ம ஊரில் கெட்டிக்காரனை, பயமுறுத்தும் ஆளை "சரியான எம்டன்" என்கிறோம். "சரியான பிஸ்மார்க்" என்று யாராவது சொல்லிக் கேட்டிருக்கிறீர்களா? அடுத்துப் பேச வரும் அம்மாவுக்கு ஒரு கேள்வியை வைத்துவிட்டுப் போகிறேன். 1942 டிசம்பர் கடைசியில் பேரன்ட்ஸ் கடலில் ஜெர்மன் கப்பல்கள் சொதப்பியதும், பெரிய கப்பல்களை உடைத்துப் பழைய இரும்பாக்குங்கள் என்று ஹிட்லர் கத்தினார். கடற்படைத் தலைவர் அட்மிரல் ராய்டர் ராஜினாமா செய்தார். அவர் நாற்காலிக்கு வந்தவர் நீர்மூழ்கிகளின் தளபதி டோனிட்ஸ். ஏன் அவர்? முதலில் அதற்குப் பதில் சொல்லட்டும், அப்புறம் பிஸ்மார்க்கைப் பற்றிப் பேசட்டும். நன்றி, வணக்கம்.