இனோவேயின் இடது கை

அவையோருக்கு வணக்கம்.

1959 ஆகஸ்ட் மாதம். ஹவாய் அமெரிக்காவின் 50ஆவது மாநிலமாகி சில நாள்தான் ஆகியிருந்தது. அங்கிருந்து தேர்ந்தெடுக்கப்பட்ட முதல் உறுப்பினர் பதவியேற்க வாஷிங்டனில் பிரதிநிதிகள் சபைக்கு வந்து நிற்கிறார். அவைத் தலைவர் சாம் ரேபர்ன் வழக்கம்போலச் சொல்கிறார்: "வலது கையை உயர்த்துங்கள்." வந்தவர் இடது கையை உயர்த்தினார். வலது கை அவருக்கு இல்லை. சபையில் பேச்சு மூச்சு இல்லை.

அவர்தான் டேனியல் இனோவே. அந்தக் கை எங்கே போனது என்பதைச் சொல்லத்தான் வந்தேன்.

ஹொனலுலுவில் 1924இல் ஜப்பானிய வம்சாவளிக் குடும்பத்தில் பிறந்தார். அறுவை மருத்துவர் ஆக ஆசை. 1941 டிசம்பர் 7 அன்று பேர்ல் துறைமுகத்தில் ஜப்பான் குண்டு வீசியபோது வயது 17. முதலுதவி தெரிந்த பையன், காயம்பட்டவர்களைக் கவனிக்க ஓடினான். அரசாங்கத்தின் கண்ணுக்கோ முகம் மட்டும்தான் தெரிந்தது. அவரைப் போன்ற இளைஞர்களை எதிரி நாட்டவர் பட்டியலில் வைத்தது. அமெரிக்காவின் மேற்குக் கரையோரத்தில் ஜப்பானிய வம்சாவளியினர் ஏறத்தாழ 1,20,000 பேரை வீடு வாசலை விட்டுக் கிளப்பி முகாம்களில் அடைத்தது. 1943இல் அதே அரசு, ஜப்பானிய வம்சாவளியினருக்கென்றே 442ஆவது படைப்பிரிவைத் தொடங்கியது. இனோவே படிப்பை விட்டுவிட்டுச் சேர்ந்தார். ரோஷம் என்பதா, பற்று என்பதா? இரண்டும்தான் என்று எனக்குத் தோன்றுகிறது.

1945 ஏப்ரல் 21. இத்தாலியில் சான் தெரென்சோ அருகே ஒரு மலைமுகடு. மேலே ஜெர்மானியரின் மூன்று இயந்திரத் துப்பாக்கிகள். வயிற்றில் குண்டு பாய்ந்த பிறகும் இனோவே ஏறிக்கொண்டே இருக்கிறார். மூன்றாவது துப்பாக்கியை நோக்கிக் கையெறி குண்டை வீச வலது கையை ஓங்குகிறார். எதிரி சுட்டது முழங்கையில் வந்து விழுகிறது. கை கிட்டத்தட்ட அறுந்துவிட்டது. விரல்கள் மட்டும் குண்டை இறுக்கிப் பிடித்தபடி இருக்கின்றன. பிடி தளர்ந்தால் வெடிக்கும். உதவ ஓடி வந்த வீரர்களைக் கத்தி விரட்டிவிட்டு, தன் வலது கைக்குள்ளிருந்து அந்தக் குண்டை இடது கையால் பிடுங்கி எறிந்தார். இத்தாலியில் போர் நிற்க இன்னும் பதினோரு நாள்தான் பாக்கி!

ஒற்றைக் கையோடு அறுவை மருத்துவராக முடியுமா? மிச்சிகனில் பேட்டில் க்ரீக் ராணுவ மருத்துவமனையில் அவருக்கு ஒரு நண்பர் கிடைத்தார். கான்சாஸ்காரர் பாப் டோல். அவரும் இத்தாலியில் அடிபட்டவர், வலது கை விளங்காமல் போனவர். சட்டம் படிப்பேன், அரசியலுக்குப் போவேன், அமெரிக்க நாடாளுமன்றமான காங்கிரசில் உட்காருவேன் என்று டோல் திட்டத்தை அடுக்கினார். இனோவேக்கு அது பிடித்துப்போனது.

இடையில் ஒன்று. ஊர் திரும்பும் வழியில் சான் பிரான்சிஸ்கோவில் முடிவெட்டப் போனார். சீருடையில் பதக்கங்கள், கை இருந்த இடத்தில் இரும்புக் கொக்கி. ஜப்பானியனுக்கு வெட்டுவதில்லை என்று அனுப்பிவிட்டார்கள்.

அப்புறம் சட்டப் படிப்பு, 1953இல் ஹொனலுலுவில் உதவி அரசு வழக்கறிஞர், அடுத்த ஆண்டே ஹவாய் சட்டமன்றம். 1963 முதல் சாகும்வரை செனட்டர். ஹவாய்க்கு மத்திய நிதியை அள்ளிக்கொண்டு போகிறார் என்று திட்டினார்கள். அவர் அதை மறைத்ததே இல்லை. 1973இல், அதிபர் நிக்சன் காலத்து வாட்டர்கேட் ஊழலை விசாரித்த செனட் குழுவில் சாட்சிகளைக் குடைந்து கேட்டார். சாட்சிகள் தரப்பு வழக்கறிஞர் ஒருவர் அப்போதும் அவரை இனத்தைச் சொல்லித்தான் இழித்தார். நாட்டின் உயரிய வீரப் பதக்கம் கழுத்தில் ஏறியது 2000இல். மலைமுகட்டில் நடந்ததற்கு 55 ஆண்டுகள் கழித்து!

இனி டோல் கதை. திட்டம் போட்டவர் டோல், காங்கிரசுக்கு முதலில் போய்ச் சேர்ந்தவர் இனோவே. "நான் வந்துவிட்டேன், நீ எங்கே?" என்று கேட்டாராம். டோல் 1961இல் வந்தார், எதிர்க்கட்சியில். நட்பு மட்டும் அறுபத்தைந்து ஆண்டுக்கு மேல் நீடித்தது.

2012 டிசம்பரில் இனோவே காலமானார். நாடாளுமன்றக் கட்டடத்தின் வட்ட மண்டபத்தில் உடல் வைக்கப்பட்டிருந்தது. 89 வயது டோலைச் சக்கர நாற்காலியில் அழைத்து வந்தார்கள். டேனி தன்னை நாற்காலியில் பார்க்க வேண்டாம் என்று எழுந்துகொண்டார். ஒருவர் தாங்கிப் பிடிக்க, பெட்டிவரை நடந்தே போனார். நின்று, இடது கையை உயர்த்தி சல்யூட் வைத்தார்.