துண்டுச் சீலையில் ஒரு மாலை

நேயர்களுக்கு வணக்கம். நான் முள்ளியவளையில் தையல் தொழில் செய்கிறவள். இன்று போட்டு வந்திருக்கும் மாலை உங்கள் கண்ணுக்குத் தெரியாது, அதனால் சொல்லிவிடுகிறேன். நீலப் பருத்திச் சீலையில் சுற்றிய பதினொரு மணி, நடுவில் சிரட்டையை அராவி எடுத்த வட்டம் ஒன்று, அதன் இரண்டு பக்கமும் சிவப்பு மஞ்சாடி விதை. தங்கம் ஒரு பொட்டும் இல்லை.

தைக்கிற வீட்டில் துண்டு சேரும். கைக்குழி வெட்டும்போது விழுகிற பிறைத் துண்டு, சீலைத் தலைப்பில் மிஞ்சுகிற நாடா, எல்லாவற்றையும் முன்பு தலையணைக்குள் அடைப்போம். இப்போது நிறம் பிரித்துப் போத்தல்களில் போட்டு வைக்கிறேன்.

மணி சுற்றுவதற்கு முன் துணியை நன்றாகக் கழுவுங்கள். இதை நான் பட்டுத்தான் படித்தேன். ஒரு வைகாசியில் வற்றாப்பளை அம்மன் கோயில் பொங்கலுக்குப் பக்கத்து வீட்டுப் பிள்ளை நான் செய்த சிவப்பு மாலையைப் போட்டுக்கொண்டு போனாள். அந்த வெயில் உங்களுக்குத் தெரியும்தானே. வியர்வையில் சாயம் இறங்கி, வெள்ளைச் சட்டையின் கழுத்தடி முழுக்க ரோசா நிறம். தாய் ஒரு வார்த்தையும் பேசாமல் சட்டையைக் கொண்டுவந்து என் மேசையில் வைத்தார். வேறு சட்டை தைத்துக் கொடுத்தேன். அன்றிலிருந்து ஈர வெள்ளைத் துணியால் தேய்த்துப் பார்த்து, நிறம் ஒட்டினால் அந்தத் துண்டை மணிக்கு எடுப்பதில்லை.

அப்புறம், ஒரு அங்குல அகலம், ஒரு சாண் நீளத்தில் வெட்டி, ஒரு நுனியை மட்டும் ஒடுக்குங்கள். சோற்றுக் கஞ்சியில் தோய்த்து, பாதி காய்ந்ததும் அகன்ற பக்கத்திலிருந்து ஈர்க்கில் இறுக்கிச் சுற்றுங்கள். நடு பருத்து, இரண்டு பக்கமும் மெலிந்து மணி தானாக உருவெடுக்கும். நுனியைப் பசையால் மட்டும் ஒட்டி விடாதீர்கள். இரண்டு தையலும் போடுங்கள். ஈர்க்கை மறுநாள்தான் உருவ வேண்டும்.

விதை சேர்க்கிறவர்களுக்கு ஒரு விஷயம். குண்டுமணி பார்க்க வடிவுதான். தட்டார்கள் அதை வைத்தே பொன் நிறுத்தார்கள். இரண்டு குண்டுமணி ஒரு மஞ்சாடி என்பது பழைய கணக்கு. ஆனால் அதன் பருப்பு கடும் நஞ்சு. துளை போட்டால் நஞ்சு வெளியே வரும். பிள்ளைகள் வாயில் வைக்கிற பொருளில் அதைக் கோர்க்கவே வேண்டாம். சிவப்பு வேண்டுமென்றால் மஞ்சாடி போதும்.

தோட்டுக் கொளுவியிலும் மிச்சம் பிடிக்காதீர்கள். மலிவான கொளுவியில் நிக்கல் இருந்தால் சிலருக்குக் காது கடித்துப் புண்ணாகிவிடும். நல்ல எவர்சில்வர் வாங்குங்கள்.

மணி கோர்ப்பது நமக்குப் புதிய வேலையும் இல்லை. மன்னாருக்குப் பக்கத்தில் பழைய மாந்தைத் துறைமுகத்தை அகழ்ந்தபோது கண்ணாடி மணிகள் கிடைத்தன. அங்கேயே மணி செய்திருக்கிறார்கள்.

எனக்கு மனம் நோகிற இடம் ஒன்று உண்டு. வன்னிப் பெண்கள் செய்தது என்றால், போரைப் பட்டதுகள், பாவங்கள் என்று பொருளைப் பார்க்காமலே காசு நீட்டுகிறவர்கள் இருக்கிறார்கள். அன்புதான், குறை சொல்லவில்லை. ஆனால் அந்த மாலை பிறகு ஒரு கழுத்திலும் ஏறாது. லாச்சிக்குள் கிடக்கும். இன்னொரு பக்கம், துணித்துண்டுதானே, ஏன் இந்த விலை என்று கேட்கிறவர்கள். துண்டுக்கு விலை இல்லை, சரி. இந்த மாலைக்கு எனக்கு ஒரு பகல் போயிற்று. அதற்குத்தான் விலை.

போன வருடம் கிளிநொச்சிச் சந்தையில் ஒரு பிள்ளை வந்தாள். மாலையைத் திருப்பிப் பின்பக்கத் தையலைப் பார்த்தாள், கொளுவியை இழுத்துப் பார்த்தாள், ஈரக் கைக்குட்டையால் ஒரு மணியைத் தேய்த்தும் பார்த்தாள். எனக்கு நெஞ்சு பக்கென்றது. விலை கேட்டு எண்ணித் தந்துவிட்டு, "அன்ரி, இதே நீலத்தில தோடு இருக்கோ?" என்றாள்.