தங்கவயல்: மேடும் கூரையும்

அவையோருக்கு வணக்கம். கோலார் தங்கவயலுக்குக் கேமராவோடு வருகிறவர்கள் ஷாஃப்டுக்கு, அதாவது சுரங்கத்துக்குள் இறங்கும் செங்குத்துக் குழிக்கு, மேலே நிற்கும் இரும்புக் கோபுரத்தைத்தான் தேடுகிறார்கள். ஊரைப் படிக்க வேண்டுமானால் சயனைட் மேட்டிலிருந்து தொடங்குங்கள்.

1880இல் ஜான் டெய்லர் என்ற ஆங்கிலேயச் சுரங்கக் கம்பெனி இங்கே கால் வைத்தது. 2001 பிப்ரவரி 28இல் சுரங்கம் மூடப்பட்டது. இடைப்பட்ட காலத்தில் பாறையை மாவாக அரைத்து, சயனைடு கரைசலில் தங்கத்தைப் பிரித்தெடுத்து, மிஞ்சிய சேற்றைக் கொட்டிக் கொட்டி வளர்ந்தவை இந்த மேடுகள். மக்கள் பயப்படுவது சயனைடுக்கு. ஆனால் அது வெயிலில் பெருமளவு சிதைந்துவிடும். நுரையீரலை அரிப்பது, காற்றில் பறந்து வீட்டுக்குள் படியும் சிலிக்கா தூசிதான்.

மரக்கன்று நட்டால் தீருமா என்று கேட்கிறார்கள். நேரே நட்டால் பட்டுப்போகும். அந்த மாவில் மக்கிய இலைதழைச் சத்து இல்லை, நீர் தங்காது. சல்ஃபைடு கனிமம் உள்ள இடங்களில் அமிலமும் ஊறும். முதலில் மண்ணைச் சோதித்து, அமிலம் இருந்தால் சுண்ணாம்பு கலக்க வேண்டும். செங்குத்துச் சரிவைப் படிகளாக வெட்டி, ஒவ்வொரு படியிலும் மழைநீர் வாய்க்கால் அமைத்து, அடிவாரத்தில் கல்லணை கட்ட வேண்டும். பிறகு குறைந்தது ஓர் அடி செம்மண் பரப்பி, வெட்டிவேரும் புல்லும் பிடித்த பின்புதான் மரம். வாய்க்காலை விட்டுவிட்டு மண் மட்டும் போட்டால், ஒரே பெருமழையில் எல்லாம் ஓடைக்குப் போய்விடும்.

இனி வீடுகள். உயரமான நிலத்தில் அதிகாரிகளின் பங்களாக்கள், ஷாஃப்டை ஒட்டித் தொழிலாளர் லைன்கள், அதாவது வரிசை வீடுகள். வட ஆற்காட்டிலிருந்து வந்த தமிழர்கள், பெரும்பாலும் தலித்துகள், அந்த நெருக்கடியான லைன் வீடுகளில் தலைமுறைகளாக வாழ்ந்தார்கள். 1902இலேயே காவிரியில் உள்ள சிவசமுத்திரம் நீர்மின் நிலையத்திலிருந்து சுமார் 147 கி.மீ. கம்பி இழுத்து மின்சாரம் கொண்டுவந்தது சுரங்கத்துக்காக. ஊரின் அமைப்பு முழுவதும் சுரங்கத்தின் கணக்கில்தான் ஓடியது. அதனால் சுரங்கம் நின்றதும் பராமரிப்பும் நின்றது. பழைய கட்டடங்களின் பாதுகாப்பு என்றால் பங்களாவை மட்டும் காப்பது என்று நினைப்பதை நான் ஏற்கவில்லை; லைன்களும் சேர்ந்தால்தான் இது தங்கவயல்.

இந்த வீடுகளின் ஓட்டுக் கூரை முகட்டில்தான் முதலில் கெடும். முகட்டு ஓட்டின் சாந்து விண்டு ஓர் ஓடு நகர்ந்தால், மழை கைமரத்தில் இறங்கும். மரம் உளுத்துத் தொய்ந்ததும் அடுத்த வரிசை ஓடுகள் கழன்று விழும். மழைக்காலத்துக்கு முன் முகட்டைப் பூசுவது செலவு குறைந்த வேலை. இடிந்த கட்டடங்களின் முழு ஓடுகளைப் பொறுக்கி, சூளை முத்திரை பார்த்துத் தனித்தனியே அடுக்கி வையுங்கள். வேறு சூளை ஓட்டின் பள்ளமும் விளிம்பும் ஒத்துவராமல், இடுக்கில் ஒழுகும்.